பழைய கொலை வழக்குகளும் புதிய தடயவியலும்: இப்போதே காப்பாற்ற வேண்டியவை

#1 | நாவற்குழியான்

செம்மணி சித்துப்பாத்தி மயானத்தில் அகழ்வு தொடங்கியதிலிருந்து யாழ்ப்பாணத்தில் எந்தச் செத்தவீட்டுக்குப் போனாலும், எந்தத் தேத்தண்ணிக் கடையில் இருந்தாலும் கதை அங்கேதான் போய் நிற்கிறது. 2025 பெப்ரவரியில் தகன மேடை வேலைக்காக மண் வெட்டும்போது எலும்பு வந்தது. செப்டெம்பர் முதல் வாரத்துக்குள் 200க்கும் மேற்பட்ட எலும்புக்கூடுகள். அவற்றில் சின்னப் பிள்ளைகளும் உண்டு. எல்லாரும் கேட்பது ஒரே கேள்வி: இத்தனை வருசம் போன பிறகு இதை வைத்து யாரைப் பிடிப்பது?

பிடிக்கலாம். கலிபோர்னியாவில் 1974 முதல் 1986 வரை கொலையும் வல்லுறவுமாகத் திரிந்த ஒருவனை 2018 ஏப்ரலில்தான் கைது செய்தார்கள். அப்போது அவனுக்கு 72 வயது. முன்னாள் பொலிஸ்காரன். 2020இல் 13 கொலைகளையும் ஒப்புக்கொண்டான். அவனைக் காட்டிக் கொடுத்தது 1980இல் நடந்த ஒரு கொலையில் எடுத்து வைத்த மாதிரி. அதிலிருந்த டிஎன்ஏயை வம்சாவளி தேடும் இணையத் தளம் ஒன்றில் ஏற்றினார்கள். தூரத்துச் சொந்தங்கள் சிலர் பொருந்தினார்கள். அவர்களின் குடும்ப மரத்தைக் கிளை கிளையாக வரைந்து கடைசியில் அவன் வீட்டு வாசலுக்குப் போய்ச் சேர்ந்தார்கள். பிறகு அவனுடைய கார்க் கதவின் பிடியிலும் குப்பையில் கிடந்த கடதாசிக் கைக்குட்டையிலும் மாதிரி எடுத்து ஒப்பிட்டார்கள்.

இதில் நான் திரும்பத் திரும்ப நினைப்பது அந்த 1980ஆம் ஆண்டு மாதிரியை. டிஎன்ஏயை வைத்து ஆளை அடையாளம் காணும் முறையை லெஸ்டர் பல்கலைக்கழகத்தில் அலெக் ஜெஃப்ரிஸ் கண்டுபிடித்ததே 1984இல்தான். ஆக, மாதிரி எடுத்த வைத்தியருக்கு அது எதற்கு உதவும் என்று தெரியாது. தெரியாமலேயே இரண்டாவது பிரதி ஒன்றும் எடுத்துக் குளிரில் வைத்துவிட்டுப் போனார். 38 வருசம் கழித்து அது பேசியது.

விஞ்ஞானம் எங்களைக் கேட்காமலேயே வளரும். எலும்பும் உடுப்பும் உறவினரின் உயிரும் எங்களுக்காகக் காத்திருக்காது. இவற்றைக் காப்பாற்ற இன்றைக்கு என்ன செய்யலாம் என்று தெரிந்தவர்கள் எழுதுங்கோ.

#2 | தட்டாதெருவான்

நல்ல இழை. எனக்கு ஒரு சந்தேகம். 20 வருசம் கடந்தால் எந்த வழக்கும் போட முடியாது என்று எங்கள் குடும்பத்துக்கு முன்பு ஒரு அதிகாரி சொல்லி அனுப்பிவிட்டார். அப்புறம் நாங்களும் அந்தப் பக்கம் போகவில்லை. அது உண்மையா?

#3 | மல்லாகம் கோட்டடி

தம்பி, அது பாதிதான் உண்மை. அந்தப் பாதியை மட்டும் சொல்லி எத்தனை குடும்பங்களைத் திருப்பி அனுப்பினார்களோ தெரியாது. 1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டத்தில் 456ஆம் பிரிவு இருக்கிறது. பொதுவாகக் குற்றங்களுக்கு 20 வருசம்தான் எல்லை. கொலைக்கும் தேசத்துரோகத்துக்கும் எல்லையே இல்லை. 1996இல் நடந்த கொலைக்கு 2046இலும் வழக்குப் போடலாம்.

இதனால்தான் ஒரு எலும்புக்கூட்டுக்குப் பெயர் கிடைப்பது சட்டத்தில் பெரிய விஷயம். ஒருவரைக் கடத்தினார்கள், அடைத்து வைத்தார்கள் என்பது மட்டும் கையில் இருந்தால் அந்தக் குற்றங்கள் காலம் கடந்துவிட்டன என்ற வாதம் எழும்பும். ஆள் கொல்லப்பட்டார் என்று நிறுவினால் அந்த வாதம் நிற்காது.

இன்னொன்றையும் நேராகச் சொல்ல வேண்டும். நீதிமன்றம் விடுதலை செய்த ஒருவரை அதே குற்றத்துக்குத் திரும்ப விசாரிக்க எங்கள் சட்டம் இடம் தராது. இங்கிலாந்திலும் அப்படித்தான் இருந்தது. 2003இல் சட்டத்தை மாற்றினார்கள். 1993இல் லண்டனில் ஸ்டீபன் லோரன்ஸ் என்ற கறுப்பின மாணவனைக் குத்திக் கொன்ற வழக்கில் 1996இல் விடுதலையான ஒருவரை அந்த மாற்றத்துக்குப் பிறகுதான் மறுபடி கூண்டில் ஏற்ற முடிந்தது. 2012 ஜனவரியில் தண்டனை. முக்கிய சான்று அவருடைய ஜக்கெற்றின் கழுத்துப்பட்டியில் இருந்த இரத்தப் பொட்டு. அகலம் அரை மில்லிமீற்றர், உயரம் அதிலும் பாதி. முதல் தடவை பார்த்தவர்களின் கண்ணில் அது படவேயில்லை. உடுப்பைக் கடதாசிப் பையில் போட்டு வைத்திருந்ததால் பிறகு வந்தவர்கள் நுணுக்குக்காட்டியில் தேடி எடுத்தார்கள். அதைப் போலவே இங்கேயும் வழக்கு முடியாத எல்லாக் கோவைகளிலும் சான்றுப்பொருட்களை அழிக்கக் கூடாது என்று கட்டளை கேட்க வேண்டும். 1995 ஒக்டோபர் இடப்பெயர்வில் யாழ்ப்பாணமே எழும்பிப் போனது. அந்தக் காலத்துக் கோவைகளிலும் பொருட்களிலும் எவை மிஞ்சின என்று ஒரு பட்டியலாவது போட வேண்டும்.

#4 | கொடிகாமம் மகள்

என் அண்ணாவை 1996இல் சுற்றிவளைப்பில் கூட்டிக்கொண்டு போனார்கள். 2025 ஓகஸ்ட் 5ஆம் திகதி சித்துப்பாத்தியில் எடுத்த பொருட்களைச் சனத்துக்குக் காட்டினார்கள் அல்லவா, அம்மாவைக் கூட்டிக்கொண்டு போனேன். நீல நிறப் புத்தகப்பையையும் பொம்மையையும் பார்த்து மற்றவர்கள் அழுதுகொண்டு நின்றார்கள். அம்மா உடுப்புகளின் தையலைப் பார்த்தார். அண்ணாவின் சேட்டுகளை அவர்தான் தைத்தவர். பொத்தான் ஓட்டைகளைக் கையால்தான் காஜா அடிப்பார், நூலை இரண்டு சுற்றுக் கூடுதலாகச் சுற்றி முடிப்பார். அப்படி ஒன்றும் அங்கே இல்லை என்று சொல்லிவிட்டு வந்தார்.

அப்பா 2011இல் போய்விட்டார். அம்மாவுக்கு 81 வயது. இதுவரை எவரும் எங்களிடம் இரத்தமோ எச்சிலோ எடுக்கவில்லை. அம்மா இல்லாமல் போனால் நானும் தங்கச்சியும் கொடுப்பது போதுமா?

#5 | கரவெட்டி ஆய்வுகூடம்

கொடிகாமம் அக்கா, உங்கள் கேள்விக்குத்தான் முதலில் பதில். நான் வெளிநாட்டில் மரபணு ஆய்வுகூடம் ஒன்றில் வேலை செய்கிறேன், எலும்பு மாதிரிகள்தான் என் நாளாந்த வேலை.

அம்மாவின் மாதிரிதான் எல்லாவற்றிலும் பெறுமதியானது. பிள்ளையின் டிஎன்ஏயில் சரிபாதி அம்மாவுடையது. டிஎன்ஏயில் ஒப்பிடும் எந்த இடத்தைப் பார்த்தாலும் ஒரு பொருத்தம் இருந்தே ஆக வேண்டும். சகோதரங்கள் அப்படி இல்லை. சில இடங்களில் தாயிடமிருந்தும் தகப்பனிடமிருந்தும் வந்த இரண்டும் பொருந்தும், சில இடங்களில் ஒன்றுமே பொருந்தாது. அதனால் ஒரு சகோதரத்தை வைத்து உறுதியாகச் சொல்வது கஷ்டம், மூன்று நான்கு பேர் கொடுத்தால் நிலைமை மாறும். தாய்வழியாக மட்டும் இறங்கும் மைற்றோகொண்ட்ரியா டிஎன்ஏ உங்கள் அம்மா, அண்ணா, நீங்கள், தங்கச்சி எல்லாருக்கும் ஒன்றுதான். பழைய எலும்பில் மற்றது சிதைந்து போனாலும் இது மிஞ்சியிருக்க வாய்ப்பு அதிகம், ஏனென்றால் ஒரு கலத்துக்குள் இதன் பிரதிகள் நூற்றுக்கணக்கில் இருக்கும்.

ஆனால் யாழ்ப்பாணத்துக்கு என்று ஒரு சிக்கல் உண்டு. எங்கள் ஊர்களில் மச்சான் மச்சாள் கல்யாணம், ஒன்றுக்குள் ஒன்றாகக் கொடுத்து எடுத்தது. ஒரே தாய்வழி பத்துப் பன்னிரண்டு குடும்பங்களில் ஓடும். மைற்றோகொண்ட்ரியா பொருந்திவிட்டது என்பதற்காக எலும்பு உங்கள் அண்ணாதான் என்று சொல்ல முடியாது. ஒரே ஊரில் நான்கு பேர் காணாமல் போயிருந்தால் நான்கு பேருக்கும் அது பொருந்தலாம். ஆகவே இங்கே ஒரு குடும்பத்தில் எத்தனை பேர் கொடுக்க முடியுமோ அத்தனை பேரும் கொடுக்க வேண்டும். யார் யாருக்கு என்ன உறவு என்ற குடும்ப மரத்தையும் ஒளிவுமறைவில்லாமல் எழுதிக் கொடுக்க வேண்டும்.

அப்பாவின் பொருள் ஏதாவது இருக்கிறதா? பல்செற், சவர அலகு, தோய்க்காத தொப்பி எதுவும் உதவலாம். ஆஸ்பத்திரியில் அவருக்கு எப்போதாவது சதைத் துண்டு எடுத்துப் பரிசோதித்தார்களா என்று விசாரியுங்கோ. அப்படி எடுத்த துண்டுகளை மெழுகுக் கட்டியில் பதித்து வைப்பது வழக்கம். அது மிஞ்சியிருந்தால் அதிலிருந்தும் டிஎன்ஏ எடுக்கலாம்.

#6 | தட்டாதெருவான்

இத்தனை வருசம் மண்ணுக்குள் கிடந்த எலும்பில் உண்மையில் ஏதாவது மிஞ்சுமா ஐயா?

#7 | கரவெட்டி ஆய்வுகூடம்

எல்லா எலும்பிலும் இல்லை. டிஎன்ஏக்கு வெப்பமும் ஈரமும்தான் எதிரி. எங்களிடம் இரண்டும் தாராளம். உவர்நிலத்தில் மாரி வெள்ளம் ஏறி இறங்கும் இடம் இன்னும் மோசம். மறுபக்கம், சுண்ணாம்புத் தன்மையுள்ள மண் அமில மண்ணை விட எலும்பை நன்றாக வைத்திருக்கும்.

நாங்கள் முதலில் தேடுவது காதின் உட்பகுதியைச் சுற்றியுள்ள எலும்பு. உடம்பிலேயே அடர்த்தியானது அதுதான். அடுத்தது கடைவாய்ப்பல், பிறகு தொடை எலும்பின் நடுப்பகுதி. மேற்பரப்பைச் சுரண்டி எடுத்துவிட்டு, தோண்டியவர்களின் கை பட்ட அழுக்குப் போக ஐதான வெளிற்றும் திரவத்தில் கழுவுவோம். உலர்ந்ததும் திரவ நைதரசனில் உறைய வைத்து மாவாக அரைப்போம். உறைய வைக்காமல் அரைத்தால் சூட்டிலேயே மிஞ்சியதும் போய்விடும். அரைத்த மாவை இராமுழுக்க ஒரு திரவத்தில் ஊற விடும்போது கல்சியம் கரைந்து, அதற்குள் சிறைப்பட்டிருந்த டிஎன்ஏ வெளியே வரும். அதைத்தான் பிறகு கோடிக்கணக்கில் பிரதி எடுக்கிறோம். பக்கத்தில் எலும்பே போடாத ஒரு வெற்றுக் குழாயும் அதே வழி முழுக்கப் போகும். அந்தக் குழாயில் ஏதாவது டிஎன்ஏ தெரிந்தால் எங்கேயோ அழுக்கு ஏறிவிட்டது என்று அர்த்தம், அன்றைய வேலை முழுவதும் குப்பைக்கு.

இதனால்தான் தோண்டுகிற இடத்தில் நின்ற ஒவ்வொருவரிடமும் ஒப்பீட்டுக்கு ஒரு மாதிரி எடுத்து வைக்க வேண்டும், பொலிஸாரும் வைத்தியரும் சேர்த்தி. ஒரு எலும்பையும் முழுதாக அரைத்துத் தீர்க்கவும் கூடாது. இன்றைய முறைக்குப் பேசாதது பத்து வருசம் கழித்துப் பேசலாம், அதற்கு ஒரு துண்டு மிச்சம் இருக்க வேண்டும்.

#8 | அடம்பன்

நான் மன்னார்ப் பக்கம். சதொச அரச கடை வளவில் 2018இல் தோண்டத் தொடங்கி 300க்கும் மேற்பட்ட எலும்புக்கூடுகளை எடுத்தார்கள். சில மாதிரிகளை அமெரிக்காவுக்கு அனுப்பி, 2019 மார்ச்சில் எலும்பின் காலத்தைக் கணிக்கும் காபன் 14 பரிசோதனை முடிவு வந்தது: 1404க்கும் 1635க்கும் இடைப்பட்ட காலமாம். அதோடு சனத்தின் வாய் அடைத்துப் போனது. செம்மணிக்கும் ஒரு கடதாசி வந்து எல்லாம் போர்த்துக்கேயர் காலம் என்று மூடிவிட மாட்டார்கள் என்பதற்கு என்ன உத்தரவாதம்?

#9 | கரவெட்டி ஆய்வுகூடம்

பயம் நியாயமானது. காபன் 14 இல் இரண்டு விதமான கேள்வி கேட்கலாம் என்பதைச் சனத்துக்கு யாரும் விளங்கப்படுத்தவில்லை. ஒன்று, எத்தனை நூற்றாண்டு பழசு என்பது. மற்றது, 1955க்கு முன்னா பின்னா என்பது. 1950களிலும் 60களின் தொடக்கத்திலும் திறந்தவெளியில் அணுகுண்டுப் பரிசோதனை செய்தார்கள். அதனால் காற்றில் காபன் 14 ஏறக்குறைய இரண்டு மடங்காகியது. 1963 ஒப்பந்தத்துக்குப் பிறகு அது படிப்படியாக இறங்கியது. அந்தக் காற்றைக் குடித்த நெல்லைத் தின்ற ஒவ்வொருவரின் உடம்பிலும் அந்த அடையாளம் இருக்கிறது. எலும்பில் குண்டுக் காலக் காபன் இருந்தால் அந்த ஆளைப் போர்த்துக்கேயர் காலத்தவர் என்று எந்தக் கொம்பனாலும் சொல்ல முடியாது. பல்லின் வெளிப்பூச்சான மிளிரி இன்னும் நுட்பமானது. சின்ன வயதில் உருவானபின் அது மாறாது. அதை வைத்துப் பிறந்த வருசத்தையே ஒன்றிரண்டு வருசம் முன்பின்னாகச் சொல்லலாம்.

பழைய மயானத்துக்குப் பக்கத்தில் தோண்டினால் பழைய எலும்பும் வரும். அதனால் எடுத்த மாதிரிகள் எந்தக் குழி, எந்த ஆழம், எந்தக் கூடு என்று குடும்பங்களின் தரப்பிலும் ஒருவர் நின்று குறித்துக்கொள்ள வேண்டும். எலும்போடு கிடந்த புத்தகப்பையும் செருப்பும் போத்தலும் தாமாகவே காலம் சொல்கிற பொருட்கள். இரண்டு வெவ்வேறு ஆய்வுகூடங்களுக்குப் பிரித்து அனுப்பச் சொல்லி இப்போதே கேளுங்கோ. முடிவு வந்த பிறகு கேட்டால் தோற்றவன் கேட்பதாகத்தான் எடுப்பார்கள்.

#10 | வேலணை வாசி

எல்லாரும் டிஎன்ஏ டிஎன்ஏ என்கிறீர்கள். எனக்கு ஒரு அடிப்படைக் கேள்வி. எங்கள் பிள்ளைகளைக் கொண்டுபோனவர்கள் அரச படை. இப்போது எங்கள் இரத்தத்தையும் குடும்ப மரத்தையும் அதே அரசின் கையில் கொடுக்கச் சொல்கிறீர்கள். 1998இல் மாணவி கிருசாந்தி கொலை வழக்கில் தண்டனை பெற்ற படைச்சிப்பாய் நீதிமன்றத்தில் நின்று செம்மணியில் 300 முதல் 400 பேர் புதைக்கப்பட்டதாகச் சொன்னார். 1999இல் தோண்டியது 15 பேரை. அதிலும் இரண்டு பேரைத்தான் அடையாளம் கண்டார்கள், 1996இல் காணாமல் போன இளைஞர்கள். பிறகு 26 வருசம் அந்த மண்ணை எவரும் தொடவில்லை. சர்வதேசம் பொறுப்பெடுக்கும் வரைக்கும் நான் ஒரு சொட்டும் கொடுக்க மாட்டேன்.

#11 | ஸ்காபரோ தமிழன்

வேலணை அண்ணை சொல்வதில் எனக்கு மறுப்பில்லை, ஒரு இடத்தைத் தவிர. அரசிடம் கொடுக்க வேண்டாம் என்பது வேறு, எடுத்து வைக்கவே வேண்டாம் என்பது வேறு.

ஆர்ஜென்ரீனாவில் இராணுவ ஆட்சி கொன்றவர்களின் குழந்தைகளைக் களவாக வேறு குடும்பங்களுக்குக் கொடுத்தது. அந்தக் குழந்தைகளின் பாட்டிமார் சேர்ந்து போராடி 1987இல் சட்டப்படி ஒரு தேசிய மரபணு வங்கியை உருவாக்க வைத்தார்கள். தேடுகிற பேரப்பிள்ளை எங்கே என்று தெரியாது, உயிரோடா என்றும் தெரியாது. ஆனாலும் இரத்தத்தைக் கொடுத்தார்கள். பலர் பிறகு செத்துப் போனார்கள். இன்றுவரை 130க்கும் மேற்பட்ட பேரப்பிள்ளைகள் அடையாளம் காணப்பட்டிருக்கிறார்கள். பாட்டி போன பிறகும் அவருடைய மாதிரி பேரனைத் தேடிப் பிடித்தது.

பொஸ்னியாவில் காணாமற்போனோருக்கான சர்வதேச ஆணைக்குழு பெயரே இல்லாமல் கோட்டு இலக்கம் போட்டு மாதிரிகளை வைத்திருந்தது. ஸ்ரெப்ரெனிகாவில் கொல்லப்பட்ட சுமார் 8,000 பேரில் ஏறத்தாழ 7,000 பேருக்கு இன்று பெயர் உண்டு. புல்டோசரால் கிளறி மூன்று நான்கு குழிகளுக்குப் பிரித்துப் போட்ட உடம்புகள் அவை. இங்கே ரொறன்ரோவில், லண்டனில், பாரிசில் இருக்கிற சகோதரங்களும் கொடுக்க வேண்டும். பாதிக் குடும்பம் வெளியில்தானே இருக்கிறது.

#12 | உரும்பிராய்

ஸ்காபரோத் தம்பிக்கு ஒரு வார்த்தை. உறவு தேடுகிற தனியார் கம்பனிகளுக்கு எச்சிலை அனுப்புவதையும் இதையும் ஒன்றாக்க வேண்டாம். கலிபோர்னியாவில் நல்லதற்குப் பயன்பட்டது உண்மைதான். அதே வழியில் இங்கே யாருடைய பிள்ளை எங்கே இருக்கிறான் என்றும் தேடலாம். அந்தப் பயம் எங்கள் சனத்துக்கு இருக்க வேண்டும்.

#13 | மல்லாகம் கோட்டடி

இரண்டு பக்கத்துக்கும் நடுவில் ஒரு வழி உண்டு: நீதிமன்றம். அகழ்வு யாழ்ப்பாண நீதவான் நீதிமன்றத்தின் மேற்பார்வையில் நடக்கிறது, குடும்பங்களுக்காகச் சட்டத்தரணிகளும் நிற்கிறார்கள். மாதிரியை யார் எடுப்பது, எங்கே வைப்பது, வேறு எந்த விசாரணைக்கும் பாவிக்கக் கூடாது, இரண்டாவது பிரதி யாரிடம் என்பதையெல்லாம் கட்டளையாகவே கேட்கலாம்.

இன்னொரு பக்கத்தையும் யாரும் எழுதவில்லை. தடயவியல் குற்றவாளியைப் பிடிப்பதற்கு மட்டும் இல்லை. 2015இல் கொட்டதெனியாவில் ஐந்து வயதுகூட ஆகாத பெண்பிள்ளையைக் கொன்ற வழக்கு ஞாபகம் இருக்கும். முதலில் பாடசாலை மாணவன் ஒருவனைப் பிடித்தார்கள், டிஎன்ஏ பொருந்தவில்லை. பிறகு இன்னொருவரைப் பிடித்தார்கள், அவர் குற்றத்தை ஒப்புக்கொண்டதாகவே ஊடகங்கள் எழுதின. அவருக்கும் பொருந்தவில்லை, ஆனால் நெருங்கிய சொந்தம் என்று காட்டியது. கடைசியில் பொருந்தியது அவருடைய சகோதரனுக்கு. லெஸ்டரில் டிஎன்ஏ முதன்முதலாகப் பாவித்த கொலை வழக்கிலும் அதேதான். 17 வயதுப் பொடியன் ஒருவன் ஒப்புக்கொண்டிருந்தான், பரிசோதனை அவனை விடுவித்தது. உண்மையான ஆள் 1988இல் தண்டனை பெற்றான்.

பயங்கரவாதத் தடைச் சட்டத்தில் உதவிப் பொலிஸ் அத்தியட்சகர் முன் கொடுத்த வாக்குமூலமே சான்றாகும். அதை மட்டும் வைத்துத் தண்டனை பெற்றவர்களின் பழைய கோவைகளில் ஒரு வெற்றுத் தோட்டாவோ இரத்தம் பட்ட துணியோ மிஞ்சியிருந்தால் அதையும் திரும்பப் பார்க்கச் சொல்ல வேண்டும். நான் இந்த இழையில் எழுத வந்ததே இதற்காகத்தான்.

#14 | கரவெட்டி ஆய்வுகூடம்

கோட்டடி ஐயாவின் கருத்தோடு ஒரு எச்சரிக்கை. ஜேர்மனியில் 2007இல் ஹைல்பிரோன் நகரத்தில் பெண் பொலிஸ் ஒருவர் கொல்லப்பட்டார். அங்கே கிடைத்த ஒரு பெண்ணின் டிஎன்ஏ ஜேர்மனி, ஒஸ்ரியா, பிரான்ஸ் என்று ஏறத்தாழ 40 சம்பவ இடங்களில் பொருந்தியது. வருசக்கணக்காகத் தேடினார்கள். 2009இல்தான் பிடிபட்டது: மாதிரி எடுக்கப் பாவித்த பஞ்சுக்குச்சிகளைப் பொதி செய்த தொழிற்சாலைப் பெண்ணின் டிஎன்ஏ அது. கிருமி நீக்கிய குச்சிதான், டிஎன்ஏ நீக்கிய குச்சி இல்லை. ஆகவே பொருந்தியது என்ற ஒற்றைச் சொல்லை மட்டும் நம்பி யாரையும் கூண்டில் ஏற்றக் கூடாது, யாரையும் பெயர் சொல்லி அடக்கம் செய்யவும் கூடாது.

#15 | நாவற்குழியான்

2000 ஒக்டோபரில் யாழ்ப்பாணத்தில் தன் வீட்டிலேயே சுட்டுக் கொல்லப்பட்ட பத்திரிகையாளர் நிமலராஜன் வழக்கையும் இங்கே பதிந்து வைக்கிறேன். ஊரடங்கு நேரம், சுற்றிவர இராணுவக் காவல். 2022 பெப்ரவரியில் அந்த வழக்கில் ஒருவரைக் கைது செய்தது பிரித்தானியப் பொலிஸ். 21 வருசம் கழித்து, இன்னொரு நாட்டில்.

வேலணை அண்ணை, உங்கள் நிபந்தனை நியாயம். அது நிறைவேறும் வரைக்கும் மாதிரியை வீட்டில் என்றாலும் எடுத்து வையுங்கோ என்றுதான் கேட்கிறேன்.

#16 | வேலணை வாசி

வீட்டில் எடுத்து வைத்தால் செல்லுமா? கறையான் தின்னாதா? எப்படி என்று ஒழுங்காகச் சொன்னால் மனிசியின் தாயாரிடம் எடுத்து வைக்கிறேன். அவவுக்கும் 80 தாண்டிவிட்டது. கொடுப்பதா இல்லையா என்பதை அப்புறம் பார்க்கிறேன்.

#17 | கரவெட்டி ஆய்வுகூடம்

செல்லும் அண்ணை. ஒரு சொட்டு இரத்தத்தை அதற்கென்று விற்கும் எஃப்டிஏ அட்டையில் விட்டுக் காய வைத்தால் சாதாரண அறை வெப்பத்திலேயே வருசக்கணக்கில் இருக்கும். விரல் நுனியில் குத்தி எடுப்பதை ஒரு தாதியைக் கொண்டு செய்யுங்கோ, எடுப்பவர் கையுறை போட வேண்டும். நிழலில் நன்றாகக் காய விட்டுக் கடதாசி உறையில் போடுங்கோ. பொலித்தீனில் போட்டால் ஈரம் பிடித்துப் பூஞ்சணம் வரும். பிறகு ஈரம் உறிஞ்சும் சிலிக்கா பொட்டலம் ஒன்றோடு இறுக்கமாக மூடும் தகரப் பெட்டியில் வையுங்கோ. ஒன்று போதாது, இரண்டு அட்டை எடுத்து இரண்டு வீட்டில் வையுங்கோ.

#18 | மல்லாகம் கோட்டடி

உறையை ஒட்டி, ஒட்டிய இடத்துக்கு மேலால் கையெழுத்துப் போடுங்கோ. யார் கொடுத்தது, அடையாள அட்டை இலக்கம், யார் எடுத்தது, திகதி, நேரம், காணாமல் போனவருக்கு என்ன முறை எல்லாம் எழுத வேண்டும். அன்றைக்கே சமாதான நீதவானிடம் சத்தியக்கடதாசி முடித்து அதன் பிரதியையும் கூட வையுங்கோ. இதை வைத்து நேரே வழக்கை வெல்ல முடியாது, எதிர்த்தரப்பு கேள்வி கேட்கத்தான் செய்யும். ஆனால் கொடுத்தவர் உயிரோடு இல்லாத காலத்தில் நீதிமன்றத்தின் முன் வைக்க ஒன்றாவது இருக்கும்.

#19 | கொடிகாமம் மகள்

கரவெட்டித் தம்பி, அப்பாவின் பல்செற் இருக்கிறது. அம்மா கழுவித் துணியில் சுற்றி அலுமாரியில் வைத்திருக்கிறார். கழுவினது பரவாயில்லையா? மாதிரி எடுக்கத் தாதி ஒருவரைக் கேட்டிருக்கிறேன், சனிக்கிழமை வருகிறார்.

#20 | கரவெட்டி ஆய்வுகூடம்

பரவாயில்லை அக்கா. வெடிப்புகளுக்குள் காய்ந்து இறுகிய காவி இருக்கும், அதில் மிஞ்சியிருக்கலாம். இனி ஒருவரும் வெறும் கையால் தொடாமல், அந்தத் துணியோடேயே கடதாசி உறையில் போடுங்கோ. சனிக்கிழமை அம்மாவிடம் எடுக்கும்போது நீங்களும் தங்கச்சியும் கொடுங்கோ, ஒவ்வொருவருக்கும் புதுக் கையுறை.